காலத்தை ஆள முயன்ற பொறி

(ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



ஆண்டு விழாவில் பாட்டும் நாடகமும் உண்டு. இடையே ஓர் உரையும் உண்டு. அவ்வுரை நீளாதிருப்பதே அதன் முதற் சிறப்பு. ஆதலின் ஒரு கதையைச் சொல்லி, அதிலிருந்து எழும் வினா ஒன்றை உங்கள் முன் வைத்து அமர்கின்றேன்.

ஐசக் அசிமோவ் என்னும் அறிவியற் புனைகதை ஆசிரியர், ‘நித்தியத்தின் முடிவு’ என்று பொருள்படும் ஆங்கில நாவல் ஒன்றை 1955-ஆம் ஆண்டில் வெளியிட்டார். அதில் 27-ஆம் நூற்றாண்டளவில் ‘நித்தியம்’ என்னும் நிறுவனம் காலத்துக்கு வெளியே அமைக்கப்படுகின்றது. அதன் ஊழியர், கெட்டில் எனப்படும் ஊர்தியில் ஏறி, மாடிக்கு மாடி லிப்டு செல்வது போல நூற்றாண்டு விட்டு நூற்றாண்டு செல்கின்றனர்.

இப்பொறிக்கு வேண்டிய அளவிறந்த ஆற்றல் எங்கிருந்து கிடைக்கிறது? கடைக்கோடிக் காலத்தில் சூரியன் வெடித்துச் சிதறும்போது எழும் ஆற்றலைக் காலத்தின் வழியே ஈர்த்துக்கொள்கின்றனராம்! கற்பனை அழகியதே. ஆயினும் நம் சூரியன் அவ்வாறு வெடித்துச் சிதறும் அளவுக்கு நிறை உடையதன்று. ஏறத்தாழ 500 கோடி ஆண்டுகள் கழித்து அது செம்பூதமாய்ப் பருத்து, பின்னர் வெண்குறு மீனாய் ஒடுங்கும் என்பது இன்றைய வானியலார் முடிபு.

இத்துணை ஆற்றலைக் கொண்டு அவர்கள் செய்தது என்ன? மிகச் சிறிய மாற்றங்களே. ஹார்லன் என்னும் ஊழியன் ஒரு வண்டியின் கிளட்சைப் பழுதாக்குகிறான். அதனால் ஒரு மாணவன் தன் முதல் வகுப்பைத் தவறவிடுகிறான். அத்துறையையே பின்னர்க் கைவிடுகிறான். ஒரு கருவி பத்தாண்டுக் காலம் தாமதமாகிறது. நிகழவிருந்த போர் ஒன்று நிகழாமற் போகிறது. நல்லதுதானே என்று தோன்றும். அவர்களும் கொடியவர்கள் அல்லர். மக்களைத் துன்பத்தினின்று காக்க விழைந்தவர்கள்.

ஆயினும் விளைவைப் பாருங்கள். ஆபத்து எங்கே தலைகாட்டினும் நித்தியத்தார் அதனைக் களைந்தனர். ஆபத்துடன் துணிவும் களையப்பட்டது. மனிதன் விண்மீன்களை நோக்கிப் புறப்படக் காலம் தாழ்ந்தது. இறுதியில் அவன் புறப்பட்டபோது, பிற இனத்தார் அவ்விடங்களில் முன்னரே குடியேறியிருந்தனர். நம்பிக்கை இழந்த மனித குலம் மெல்ல மெல்ல அழிந்தது. இதனை உணர்ந்த ஹார்லன், அணு ஆற்றலின் அபாயமும் உடன்வரும் என்று அறிந்தே, நித்தியம் இல்லாது ஒழிய இசைகின்றான்.

அன்பர்களே, இக்கதையை எழுதியவர் 1920-இல் ருசிய மண்ணில் பிறந்து, 1923-இல் பெற்றோருடன் அமெரிக்கா சென்று குடியேறியவர். அவருடைய குடும்பம் புரூக்ளினில் மிட்டாய்க் கடை வைத்துப் பிழைத்தது. அறியாத ஊருக்குக் கப்பலேறிய குடும்பத்தின் பிள்ளை, துணிவின் விலையை அறிந்திருந்ததில் வியப்பென்ன?

நாமும் அத்தகையோரே. இங்குள்ள குடும்பங்களில், மொழி தெரியாத இந்நகரில் யாரோ ஒருவர் பெட்டியும் படுக்கையுமாக முதலில் வந்து இறங்காதிருந்தால், இக்காலனியும் இல்லை, இவ்விழாவும் இல்லை. அன்று ஊரில் ஒருவர் அன்பின் பெயரால் அவரது பயணச்சீட்டை ஒளித்து வைத்திருந்தால்?

அதே செயலை இன்று நாம் செய்கின்றோமா என்பதே என் வினா. மகள் தொலைவிலுள்ள கல்லூரிக்கு விண்ணப்பம் எழுதுகிறாள். அஞ்சலில் சேர்க்கிறேன் என்று வாங்கிய படிவம் அலமாரியிலேயே தங்கிவிடுகிறது. மகன் புதிய தொழில் ஒன்றை விரும்புகிறான். அவனறியாமலே வேறு வேலைக்குச் சொல்லி வைக்கிறோம். இவையும் சிறு மாற்றங்களே. நம் இல்லங்களில் இவற்றைச் செய்யக் காலப்பொறி வேண்டுவதில்லை.

பிள்ளைகளைத் தீயினின்றும் நீரினின்றும் காப்பது நம் கடன், அதில் ஐயமில்லை. அறிவுரை கூறுக, அச்சத்தையும் மறைக்காது கூறுக. ஆனால் அவர்கள் அறியாமல் அவர்கள் வழியை மாற்றற்க. முகத்துக்கு நேரே மறுக்கும் தந்தைக்கு மகன் மறுமொழி கூற இயலும். மறைவில் மாற்றும் தந்தைக்கு என்ன மறுமொழி கூறுவான்?

இவ்வினாவை இல்லந்தோறும் எண்ணிப் பார்க்குமாறு வேண்டி, என் உரையை முடிக்கின்றேன்.