துரைமாருக்கும் ஒரு கிலோக் கணக்கு உண்டு
(பளையில் நடந்த தோட்டத் தொழிலாளர் குடும்பக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



வேலை முடிந்த கையோடு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு வந்திருக்கிறீர்கள். அதிக நேரம் எடுக்கமாட்டோம். கம்பனி மேலிடத்தாரின் சம்பளம் எப்படிப் போடப்படுகிறது என்பதுதான் இன்றைய பேச்சு. "அது நமக்கு எதுக்கு, நம்ம சம்பளத்தைப் பேசுங்க" என்று உள்ளே வரும்போதே ஓர் அக்கா கேட்டுவிட்டார். நம்ம சம்பளத்தைப் பற்றித்தான் பேசப்போகிறோம்.

செய்த வேலைக்குத் தக்க கூலி என்பது நமக்குப் புதிதல்ல. இங்கே தேங்காய் பறிப்பவருக்கு மரக்கணக்கு, உரிப்பவருக்குக் காய்க்கணக்கு. மலையகத்தில் இருக்கிற நம் சொந்தங்களுக்குக் கிலோக் கணக்கு. சொன்ன கிலோ வராவிட்டால் அரைப்பேர். 2016 கூட்டு ஒப்பந்தத்தை நினைத்துப் பாருங்கள். மேடைகளில் 730 ரூபா என்றார்கள். அதில் அடிப்படைச் சம்பளம் 500 மட்டுமே. வருகைக்கு 60, உற்பத்தித்திறனுக்கு 140, விலைப்பங்கு 30. நாள் குறைந்தால் ஒன்று போகும், கிலோ குறைந்தால் இன்னொன்று போகும். 2019இல் வருகையையும் உற்பத்தித்திறனையும் எடுத்துவிட்டு 700உடன் 50 என்றார்கள். 2026 வரவுசெலவுத் திட்டத்தில் வருகைக்கு 200 ரூபா என்று அது மறுபடி வந்தது, இந்தத் தடவை அரசாங்கத்தின் காசில்.

இனி அந்தப் பக்கம் பார்ப்போம். 1992இல் அரசாங்கத் தோட்டங்கள் பிராந்தியப் பெருந்தோட்டக் கம்பனிகளின் கைக்குப் போயின. அவற்றில் பெரும்பாலானவை கொழும்புப் பங்குச் சந்தையில் இருக்கின்றன. அங்கே இருக்கிற கம்பனி ஒவ்வொன்றும் பணிப்பாளர் சபைக்குள் ஒரு வேதனக் குழுவை வைத்திருக்க வேண்டும். மேலிடத்தாருக்கு எவ்வளவு, எதை எட்டினால் எவ்வளவு என்று பார்ப்பது அந்தக் குழு. பொதுவாக நிலையான சம்பளம் ஒன்று, வருட இலக்கை எட்டினால் போனஸ், சில கம்பனிகளில் பங்குகளைக் குறித்த விலைக்கு வாங்கும் உரிமை. முறை நம்முடையதைப் போலத்தான். ஆனால் நம் இலக்கை வைப்பவரும் நிறுப்பவரும் ஒரே ஆள், தராசும் அவருடையது. அவர்களுக்கோ குழு இருக்கிறது, காரணம் சொல்ல நேரமும் இருக்கிறது. மழை பெய்ததென்று நமக்கு யாரும் முழுப்பேர் போட்டதில்லை.

சரி, இலக்கு எதன் மேல்? அநேகமாக இலாபத்தின் மேல். இங்கேதான் கவனிக்க வேண்டும். 2021இல் இரசாயனப் பசளைக்குத் தடை வந்தது. அந்த வருடம் நாட்டில் 299 மில்லியன் கிலோ தேயிலை. 2022இல் 251 மில்லியன். செடியில் கொழுந்து இல்லை. எடுப்பவர் என்ன செய்வார்? ஆனால் அதே 2022இல் ரூபா விழுந்தது, ஏலத்தில் தேயிலையின் ரூபா விலை ஏறக்குறைய இரு மடங்கானது. விளைச்சல் குறைந்த வருடத்திலேயே பல கம்பனிகளின் இலாபம் ஏறியது. அப்படிப்பட்ட வருடத்தில் இலாபத்தைப் பார்த்துப் போனஸ் போட்டால், டொலர் செய்த வேலைக்கு மேலிடத்தார் கூலி வாங்குகிறார்கள் என்றுதான் அர்த்தம். அந்த வருடம் நம் நாட்சம்பளம் 1000 ரூபாவிலேயே நின்றது. மா என்ன விலை விற்றது என்று நாம் சொல்லத் தேவையில்லை.

இன்னொன்று. தேயிலையைப் பிடுங்கி மறுநடுகை செய்தால் கொழுந்து எடுக்க மூன்று நாலு வருடம் போகும். நம் தென்னை காய்க்க ஆறேழு வருடம். போனஸ் வருடா வருடம். அப்படியானால் மறுநடுகைக்கும் பசளைக்கும் லயன் கூரைக்கும் போகிற காசு அந்த வருடக் கணக்கில் செலவாக மட்டும் தெரியும். செலவைத் தள்ளிப்போட்டால் இலாபம் கூடும். இதனால் எல்லாத் துரைமாரும் மோசமானவர்கள் என்று சொல்லவில்லை. நல்ல துரையையும் அந்தப் பக்கம் இழுக்கிற கணக்கு இது என்கிறோம். இலக்கில் மறுநடுகை ஏக்கரும், திருத்திய வீடுகளும், விபத்தில்லாத நாட்களும் சேர்ந்தால் இழுக்கும் திசையும் மாறும்.

இந்தியாவில் 2013 கம்பனிச் சட்டத்தின்படி, பங்குச் சந்தையில் இருக்கிற கம்பனி தன் பணிப்பாளர் ஒவ்வொருவரின் சம்பளமும் நடுத்தர ஊழியர் சம்பளத்தைப் போல எத்தனை மடங்கு என்று வெளியிட வேண்டும். இங்கே எல்லாப் பணிப்பாளருக்குமான தொகையைச் சேர்த்துக் காட்டினால் போதும். அந்தத் தொகையாவது ஆண்டறிக்கையில் இருக்கிறது. சம்பளப் பேச்சுக்கு வந்து "நட்டம்" என்கிறவர்களிடம் முதலில் கேட்க வேண்டியது அந்தப் பக்கத்தைத்தான். மடங்குக் கணக்கையும் போனஸ் இலக்கையும் வெளியிட வேண்டும் என்பது சங்கத்தின் கோரிக்கையாக வேண்டும் என்று கேட்கிறோம்.

கடைசியாக ஒரு வேலை. தோட்டங்கள் தனியார் கைக்குப் போனபோது கம்பனிப் பங்குகளில் 10 சதவீதம் தொழிலாளருக்கு இலவசமாகக் கொடுக்கப்பட்டது. பலர் விற்றுவிட்டார்கள். சிலரின் பத்திரம் இன்னும் தகரப்பெட்டியில் கிடக்கலாம். ஒரு பங்கு இருந்தாலும் ஆண்டறிக்கை பெறலாம், பொதுக்கூட்டத்துக்குப் போய் எழுந்து கேட்கலாம். மலையகத்தில் இருக்கிற பெரியம்மாவிடம், மாமாவிடம் இன்றைக்கே போன் பண்ணிக் கேளுங்கள். கிடைத்தால் பத்திரத்தைப் பத்திரமாக வைக்கச் சொல்லுங்கள், பெயரைச் சங்கத்துக்குத் தாருங்கள். பழைய ஆண்டறிக்கை ஒன்று இந்த மேசையில் இருக்கிறது. இங்கிலீஷ் படிக்கிற பிள்ளைகள் முன்னால் வாருங்கள், சம்பளப் பக்கத்தைச் சேர்ந்து தேடுவோம்.