நடத்தலும் நிற்றலும்



கிரேக்கத்தில் கி.மு. 4ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த டயோஜனிஸ், தடியும் பையும் ஓராடையுமே உடைமையாகக் கொண்டவர். சிறுவன் ஒருவன் கையால் நீர் பருகக் கண்டு, தம் குவளையையும் எறிந்தார் என்பர். சினிக் எனப்பட்ட அவர் மரபினர் பலர் வீடின்றித் திரிந்தனர். அவர் மாணவர் ஒனெசிகிரிட்டஸ், கி.மு. 326இல் அலெக்சாண்டருடன் வந்து, தட்சசீலத்தில் ஆடையற்ற துறவியரைக் கண்டு உரையாடினார். இயற்கையினும் வழக்கத்தை மேலாகக் கொண்டதே கிரேக்க ஞானியரின் குறை என்றார் அங்கிருந்த முதுதுறவி மந்தனிஸ்.

திகம்பர முனிவரும் கையையே கலமாகக் கொண்டவர். ஓரூரில் நிலைத்துத் தங்காதவர். ஆயினும், கார்காலம் நான்கு திங்களும் அவர்தம் நடை நிற்கிறது. ஈரமண்ணில் பெருகும் சிற்றுயிர்கள் காலடியில் மடியலாகாது என்பதே காரணம்.

தம் விடுதலைக்காக நடத்தல் அரிது. பிற உயிர்க்காக நிற்றல் அதனினும் அரிது. அறம் வெல்க!