திரைக்கு எதிரே அமர்ந்தவர்கள்



கலைத்தொழிலை ஆராயும் ஆவணப்படங்களுள், கரண் பாலி 2013-இல் எடுத்த ‘ஆன் அமெரிக்கன் இன் மெட்ராஸ்’ என்பதை முதலில் எடுத்துக்கொள்கிறோம். 1935-இல் இந்தியா வந்து, தமிழ் அறியாமலே தமிழ்ப் படங்களை இயக்கி, 1950-இல் நாடு திரும்பிய எல்லிஸ் ஆர். டங்கனின் வரலாறு அது. அவர் இயக்கிய ‘சதி லீலாவதி’ 1936-இல் வெளிவந்தது, எம்.ஜி.ஆரின் முதற்படமும் அதுவே. அதன் கதைத்தலைவன் கடல் கடந்து இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் கூலியாக உழல்கிறான். தோட்டத் தமிழன் திரைக்குள் அத்துணை முன்னரே நுழைந்துவிட்டான். திரைக்கு எதிரே அமர்ந்த தோட்டத் தமிழனை ஆராய்ந்தவர் எத்தனை பேர்?

கெடாவின் தோட்டங்களில் படம் பார்ப்பதென்றால் திடலில் இரு கம்பங்களுக்கிடையே வெள்ளைத் துணி கட்டுவார்கள். லயத்து மக்கள் பாயோடு வருவார்கள். இடம் கிடைக்காதவர் துணிக்குப் பின்புறம் அமர்ந்து, எழுத்துகள் தலைமாறித் தெரிய, கதையை மட்டும் பற்றிக்கொள்வார்கள். மறுநாள் விடியுமுன் பெரட்டுக்கு நிற்கவேண்டும். ஆயினும் முடிவு காணாமல் எவர் எழுவார்?

அதே துணியில் அரசும் பேசிற்று. மலாயாத் திரைப்படப் பிரிவு 1946-இல் தோன்றியது. 1948 முதல் 1960 வரை நீடித்த அவசரகாலத்தில் தகவல் துறையின் வண்டிகள் தோட்டந்தோறும் சென்று படங்காட்டின. மக்கள் நெஞ்சில் நின்றது அரசின் அறிவுரையா, கதாநாயகனின் வாள்வீச்சா? எமக்கு ஐயமில்லை, எனினும் பெரியவர்களைக் கேட்டே எழுதவேண்டும்.

கேட்பதற்குக் காலம் குறுகிவருகிறது. தோட்டத் துண்டாடலை எதிர்கொள்ள 1960-இல் எழுந்த தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் முதன்முதலில் வாங்கியது கெடாவின் புக்கிட் சீடிம் தோட்டத்தையே. எல்லாத் தோட்டங்களுக்கும் அந்தப் பேறு வாய்க்கவில்லை. திடலில் அமர்ந்திருந்த பலர் இன்று சுங்கைப் பட்டாணி, கூலிம் அடுக்குமாடிகளில் முதுமையடைகிறார்கள்.

பி. கே. நாயரைப் பற்றிய ‘செல்லுலாய்ட் மேன்’ (2012), அழிந்த படச்சுருள்களைத் தேடிக் காத்த ஒருவரின் கதை. முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ (1931) இன்று நமக்குக் கிட்டவில்லை. படச்சுருள் தொலைந்தாலும் விளம்பரமோ பாட்டுப் புத்தகமோ எங்கேனும் மிஞ்சும். பார்த்தவரின் அனுபவத்துக்கு அவர் நினைவைத் தவிர வேறு காப்பகம் இல்லை.

ஆகவே, மாணவர்களே, இவ்விடுமுறையில் உங்கள் பாட்டியிடம் ஒலிப்பதிவுக் கருவியோடு அமருங்கள். முதலில் பார்த்த படம் எது, பெண்கள் எப்பக்கம் அமர்ந்தார்கள், மறுநாள் பால்வெட்டும்போது எந்தக் காட்சியைப் பேசிச் சிரித்தார்கள் என்று கேளுங்கள். அந்தத் திரைத்துணியை யார் வீட்டில் மடித்து வைத்திருந்தார்கள் என்பதையும் கேட்டு வாருங்கள்.