மணிக்கு ஒரு முறை

(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



ரயில்வேயில் வருகைப் பதிவேட்டோடு காலம் தள்ளுகிறவன் நான். இன்று ஒரு கலைஞரைப் பற்றிப் பேசப் போகிறேன். "நமக்கும் கலைக்கும் என்னய்யா சம்பந்தம்?" என்று கேட்காதீர்கள். அவரும் நம்மைப்போல் பிழைப்புக்காக ஊரை விட்டவர்தான்.

பெயர் தெஹ்சிங் ஷியே. 1950இல் தைவானில் பிறந்தவர். கப்பல் வேலையில் சேர்ந்து, 1974இல் அமெரிக்காவில் பிலடெல்பியா அருகே கப்பலை விட்டு நழுவினார். நியூயார்க்கில் தட்டுக் கழுவினார், தரை துடைத்தார். கையில் குடியுரிமைக் காகிதம் இல்லை. 1988இல் பொதுமன்னிப்புக் கிடைக்கும்வரை 14 ஆண்டுகள் அப்படியே கழிந்தன.

அந்த ஆண்டுகளில்தான் ஒவ்வொன்றும் ஓராண்டு நீளும் ஐந்து நிகழ்ச்சிகளைச் செய்தார். மேடையில்லை, வசனமில்லை. 1978இல் மரக்கூண்டு கட்டி ஓராண்டு அதற்குள் இருந்தார். பேச்சில்லை, படிப்பில்லை, ரேடியோ இல்லை. 1981இல் எந்தக் கூரைக்கும் கீழே ஒதுங்காமல் ஓராண்டு தெருவிலேயே கிடந்தார். போலீஸ் பிடித்து நிலையத்துக்குள் இழுத்துப்போன சில மணி நேரம்தான் அதில் முறிந்தது.

நம்மைத் தொடுவது இவற்றுக்கு இடையில் செய்த நிகழ்ச்சி. 1980 ஏப்ரல் 11 முதல் ஓராண்டு, இரவு பகலாக, மணிக்கு ஒரு முறை கார்டு அடித்தார். ஆலை வாசலில் நாம் அடிக்கிறோமே, அதே கடிகாரம்! தொடங்கும்போது தலையை மொட்டையடித்துக்கொண்டார். ஒவ்வொரு முறையும் ஒரு படம் எடுத்தார். முடி வளர்வதில் ஓராண்டு தெரிகிறது. அடிக்க வேண்டியவை 8,760. தவறியவை 133. தூங்கியதால் 94, தாமதத்தால் 29, முந்தி அடித்ததால் 10. இந்தக் கணக்கையும் மறைக்காமல் அவரே வெளியிட்டார்.

சம்பளம் யார் கொடுத்தார்? யாருமில்லை. உற்பத்தி என்ன? ஒன்றுமில்லை. தொழிலாளர் இயக்கத்துக்காக அவர் இதைச் செய்யவில்லை; காலம் கழிவதைத்தான் காட்டினேன் என்கிறார். ஆனால் கார்டு அடித்துப் பழகிய நமக்கு இன்னொன்றும் தெரிகிறது. அந்த 366 கார்டுகளும் அவரிடமே இருந்தன. நம் கார்டு யாரிடம் இருக்கிறது?

நம் குடியிருப்பில் ஒருவர் மூன்று மாதம் ஓவர்டைம் பார்த்தார். பணம் கேட்டபோது, "பதிவேட்டில் இல்லையே" என்று கைவிரித்தார் காண்டிராக்டர். நான் மனு எழுதினேன். "எந்தத் தேதி, எத்தனை மணி?" என்று கேட்டேன். அவர் மனைவி சொன்னார்: "அவர் வராத ராத்திரியெல்லாம் எனக்கு ஞாபகம் இருக்குண்ணே, தேதிதான் தெரியலே." அந்த மனு தோற்றது.

தோழர்களே, 1986 முதல் 13 ஆண்டுகள் தம் கலையை யாருக்கும் காட்டாமல் இருந்த அந்த மனிதர், 2000ஆம் ஆண்டு முதல் நாளில் தாம் உயிரோடு இருந்து காலத்தைக் கழித்ததாக மட்டும் அறிவித்தார். நாமும் கழிக்கிறோம், கணக்கில்லாமல்! இன்று போகும் வழியில் ஒரு நோட்டு வாங்குங்கள். உள்ளே போன மணி, வெளியே வந்த மணி இரண்டையும் அன்றன்றே எழுதுங்கள். எழுத வராதவருக்குப் பள்ளிக்குப் போகும் பிள்ளை எழுதட்டும். அடுத்த கூட்டத்துக்கு அந்த நோட்டோடு வாருங்கள். மனு எழுத நான் இருக்கிறேன்.