பனியன் படத்திலிருந்து உடற்பயிற்சி வீடியோவுக்கு

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் குழு உறுப்பினர் ஒருவர் பேசியதன் எழுத்து வடிவம்)



எனக்கு மேடைப் பழக்கம் கிடையாது. கேமராவுக்குப் பின்னாடி நின்னே பழகினவ. திருப்பூர் பனியன் கம்பெனிகளுக்கு மாடல்களை வைத்துப் படம் எடுப்பதுதான் பதினோரு வருஷம் என் தொழில். வெளிநாட்டுக்குப் போகும் கேட்லாக்கில் டி-ஷர்ட் சுருக்கமில்லாமல் தெரிய வேண்டும். அதற்காக முதுகுப் பக்கம் துணியை இழுத்து கிளிப் போடுவோம். முன்னால் பார்த்தால் அளவெடுத்துத் தைத்த மாதிரி இருக்கும்.

2020-ல் கொரோனா வந்தது. ஆர்டர் நின்றது, என் வேலையும் நின்றது. முடித்துக் கொடுத்த வேலைக்கே ஒரு இடத்தில் பணம் வரவில்லை. மறுபடி குழுக் கூட்டம் கூடியபோது, கேமராவை விற்கப் போகிறேன் என்று அழுதுவிட்டேன். எங்க ஊக்குநர் அக்கா சொன்னாங்க: "விக்காத கண்ணு. மெஷின்ல உக்காந்து உக்காந்து எங்களுக்கெல்லாம் இடுப்பு புடிச்சுக்குது. அதுக்கு ஒரு வீடியோ எடுத்துக் குடு."

குழுவில் உள்கடன் 30,000 ரூபாய் வாங்கி, மைக்கும் இரண்டு விளக்கும் வாங்கினேன். பிசியோதெரபி படித்த சகோதரி ஒருவர் பயிற்சிகளைச் சொல்லிக் கொடுத்தார். பழகிய மாடல் பெண்ணை வைத்தே எடுத்தேன். முகத்துக்குக் கிட்ட ஒரு ஷாட், கைக்கு ஒரு ஷாட், அழகழகாக வந்தது.

குழுவில் போட்டுக் காட்டினேன். ஓர் அக்கா சொன்னாங்க: "புள்ள லட்சணமாத்தான் இருக்குது. எந்தக் கால முதல்ல வெக்கறதுன்னுதான் தெரியல."

சுருக்குன்னு இருந்துச்சுங்க. ஆனால் உண்மை. அதுவரை நான் எடுத்த படங்கள் பார்ப்பதற்கு. இது பார்த்துச் செய்வதற்கு.

திரும்ப எடுத்தேன். தலை முதல் பாதம் வரை எப்போதும் தெரிகிற மாதிரி கேமராவை நிறுத்தினேன். எதிரே நிற்பவர் இடது கையைத் தூக்கிக்கொண்டே "வலது கை" என்று சொல்ல வேண்டும். அப்போதுதான் கண்ணாடியில் பார்ப்பது போல நாம் குழம்பாமல் செய்வோம். நம்ம குழு அக்காக்களே சுடிதாரில் வந்து நின்றார்கள். ஐம்பத்தெட்டு வயது அக்கா நாற்காலியைப் பிடித்துக்கொண்டு செய்தார். தொப்பையை மறைக்க யாருக்கும் கிளிப் போடவில்லை.

உள்ளூர் கேபிள் டிவியில் காலை 6 மணிக்குப் போடுகிறோம் என்றார்கள். அந்நேரத்துக்குத் தண்ணி புடிக்கணும், சோறாக்கணும். பாத்திரம் கழுவி முடிக்கிற இராத்திரி 9 மணியைக் கேட்டு வாங்கினேன்.

இந்தத் தொழிலுக்கு ஒரு பெரியக்கா உண்டு. அமெரிக்க நடிகை ஜேன் ஃபோண்டா. அவரும் முதலில் ஃபேஷன் மாடல். 1982-ல் அவர் வெளியிட்ட உடற்பயிற்சி வீடியோவும் அதைத் தொடர்ந்து வந்தவையும் ஒரு கோடிக்கு மேல் விற்றன. யார் கண்ணிலும் படாமல் வீட்டுக் கதவைச் சாத்திக்கொண்டு செய்யலாம் என்பது பெண்களுக்குப் பெரிய வசதி. அந்த வருமானத்தைத் தாங்கள் நடத்திய மக்கள் அமைப்புக்கு அவர் கொடுத்தார். அதைப் படித்த பிறகுதான், என் வருமானத்தில் பத்தில் ஒரு பங்கைக் குழுவுக்குக் கொடுக்க ஆரம்பித்தேன்.

பழைய வருமானம் இன்னும் வரவில்லை. அதை மறைக்க மாட்டேன். ஆனால் உள்கடனை 18 தவணையில் கட்டி முடித்துவிட்டேன்.

"நாள் பூரா வேலை செய்யறோமே, இது வேறயா?" என்று கேட்பீர்கள். மெஷினில் கை ஓடுகிறது, இடுப்பு ஓடுவதில்லையே! வாரத்துக்கு 150 நிமிடமாவது உடம்பை நன்றாக அசைக்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம். தினம் அரை மணி, ஐந்து நாள். வலி வந்தால் நிறுத்திவிட்டு டாக்டரைப் பாருங்க.

இப்ப எல்லாரும் ஒரு தடவை எந்திரிச்சு நில்லுங்க அக்கா. வலது கையைத் தூக்குவோம். நான் இடதைத் தூக்கறேன்.