காலங்கள் கூடும் மேட்டுநிலம்

சென்ற காலம் சென்றதுதான் என்று அறிவு சொல்லும். அஃது எங்கோ ஓரிடத்தில் அழியாமல் இருக்கலாகாதா என்று மனம் கேட்கும். மனத்தின் இக்கேள்விக்கு விடையாக ஒரு மலையையே படைத்துக் கொடுத்தவர் ஆதர் கொனன் டொயில் என்னும் ஆங்கில எழுத்தாளர். ஷெர்லொக் ஹோம்ஸ் என்னும் துப்பறிவாளரை உலகுக்கு ஈந்த அவரே 1912 ஆம் ஆண்டில் ‘இழந்த உலகம்’ என்னும் நாவலை வெளியிட்டார்.

தென்னமெரிக்கப் பெருங்காட்டின் நடுவே, செங்குத்தான பாறைச் சுவர்களாற் சூழப்பெற்ற மேட்டுநிலம் ஒன்று. பண்டு நிகழ்ந்த எரிமலைக் கொந்தளிப்பினால் அந்நிலப்பரப்பு, தன்மேல் வாழ்ந்த உயிர்களோடு அப்படியே மேலெழுந்து விட்டதாம். கீழுலகில் மாண்டொழிந்தவை அங்கே மாளாதிருந்தனவாம். பேராசிரியர் சலஞ்சரும் தோழர் மூவரும் அதன்மேல் ஏறுகின்றனர். முதுகிலே எலும்புத் தகடுகள் நிமிர்ந்து நிற்கும் ஸ்டெகோசோரஸ் நீரருந்த வருகிறது. இகுவானடன் என்னும் பெருவிலங்கு இலை மேய்கிறது. தோற்சிறகு படைத்த பறக்கும் பல்லிகள் கூட்டங் கூட்டமாய் அடைகாக்கின்றன. இவற்றோடு குரங்கு மாந்தரும் உளர். குகைகளில் வாழும் பழங்குடி மக்களும் உளர்.

நில நூலார் இக்காட்சியைக் கண்டு நகைப்பர். ஸ்டெகோசோரஸ் வாழ்ந்தது ஏறத்தாழ 15 கோடி ஆண்டுகளுக்கு முன்னர். இகுவானடனோ அதற்கு ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகள் பிந்தியது. மண்ணில் ஒன்றையொன்று ஒருபோதும் கண்டிராத இரண்டும் கதையிலே அயலவராய் மேய்கின்றன. கணக்குப் பிழைதான், ஆயினும் அப்பிழையை நீக்கினால் நாவலே இல்லை!

அப்படிக் கூடிய காலங்கள் ஒன்றோடொன்று எவ்வாறு நடந்துகொள்கின்றன? கதையைச் சிறுவர்க்குரியதென்று ஒதுக்குவோர் கவனியாத பகுதி இதுவே. குகைவாழ் மக்களுக்கும் குரங்கு மாந்தர்க்கும் நெடும்பகை. வந்தவர்கள் துப்பாக்கியோடு ஒரு பக்கம் சேர்கின்றனர். போர் ஒரே நாளில் முடிகிறது. குரங்கு மாந்தருள் ஆண்கள் கொன்றொழிக்கப்படுகின்றனர். பெண்களும் குழந்தைகளும் அடிமைகளாகின்றனர். எத்தனையோ ஊழிகளாக அழியாதிருந்த ஓரினம், இருபதாம் நூற்றாண்டு வந்து சேர்ந்த சில வாரங்களில் அழிந்துபோகிறது. இதனைச் சலஞ்சர் மனிதகுலத்தின் வெற்றியென்று கொண்டாடுகிறார். ஆசிரியரும் பெரிதும் வருந்தியதாகத் தெரியவில்லை.

இக்கற்பனை மேட்டுக்கு மூலமென்று பலரும் சுட்டுவது றொறைமா மலையை. வெனிசுவேலா, பிறேசில், கயானா ஆகிய மூன்று நாடுகளின் எல்லைகள் கூடும் இடத்தில், 2,800 மீற்றருக்கு மேல் உயர்ந்து, மேசைபோலத் தட்டையான உச்சியோடு நிற்பது அது. அதன் மணற்பாறைகளின் வயது 170 கோடி ஆண்டுகளுக்கு மேல். டொயிலின் விலங்குகள் அனைத்தும் அப்பாறைக்கு நேற்றுப் பிறந்த குழந்தைகள். உச்சியிலே பெருவிலங்கு எதுவும் இல்லை. துள்ளத் தெரியாது ஊர்ந்து செல்லும் கரிய சிறு தேரை உண்டு. பூச்சிகளை உண்ணும் குடுவைச் செடிகள் உண்டு. இவையும் காலத்தில் உறைந்து நின்றவை அல்ல. கீழேயுள்ள உயிர்களைப் போலவே இவையும் மாறி மாறி வந்தவை.

நாவலில் எவரும் ஏறவியலாததாகத் தோன்றும் இம்மலையின் உச்சியை, நாவல் பிறப்பதற்கு 28 ஆண்டுகளுக்கு முன்னரே மனிதர் அடைந்துவிட்டனர். 1884 டிசம்பரில் எவெராட் இம் தேர்ண் என்பவர், ஹரி பேர்க்கின்ஸ் என்னும் துணைவரோடு, பாறைச் சுவரில் சாய்ந்து செல்லும் ஒரு விளிம்பு வழியாக மேலே சென்றார். இதே இம் தேர்ண் 1901 இல் இலங்கையின் குடியேற்ற நாட்டுச் செயலாளராகக் கொழும்புக்கு வந்து, 1904 வரை பணியாற்றிப் பின் பீஜித் தீவின் தேசாதிபதியாகச் சென்றார் என்பது இந்நாட்டு நேயர்க்குச் சுவையான செய்தி.

அக்காலத்து ஐரோப்பிய அறிஞர் பலர்க்கு ஒரு பழக்கம் இருந்தது. தம்மைப்போல வாழாத மக்களை எங்கே கண்டாலும், அவர்களை மனிதகுலத்தின் தொல்பருவத்து எச்சமென்று எண்ணினர். இலங்கை வேடரைப்பற்றி 1890களில் பெருநூல் எழுதிய சுவிற்சர்லாந்து நாட்டுச் சரசின் இருவரும் அவ்வாறே கருதினர். வேடரோ அன்று தம்மை ஆய்ந்தவரோடு ஒரே பொழுதில் மூச்சுவிட்டவர்கள். ஆட்சியின் சட்டத்தையும் காட்டின் சுருக்கத்தையும் அன்றன்று அனுபவித்தவர்கள். டொயிலின் மேட்டுநிலம் முழுக் கற்பனை அன்று. அதன் அடித்தளம் இந்த எண்ணமே.

றொறைமாவின் அடிவாரத்தில் வாழும் பெமோன் மக்களிடம் வேறொரு கதை வழங்குகிறது. உலகத்துக் கனிகள் எல்லாம் முன்னொரு காலத்தில் ஒரே மரத்திற் காய்த்தன. அம்மரம் வெட்டுண்டு வீழ்ந்தது. எஞ்சிய அடிக்கட்டையே இம்மலை. வெட்டிய இடத்திலிருந்து வெள்ளம் பெருகியது என்பர். மலையுச்சியில் மழை பெய்தால் இன்றும் அருவிகள் நாற்புறமும் வீழ்கின்றன. அவற்றினூடே, இழந்த உலகைத் தேடி வரும் வெளிநாட்டார்க்கு வழிகாட்டியும், அவர்தம் சுமையைத் தூக்கியும், பெமோன் இளைஞர் மேலேறிச் செல்கின்றனர்.