பாலியஸ்டர் பழகும் வரை கூலி என்னாவது?

திருப்பூர்ல இப்போ எங்க போனாலும் பாலியஸ்டர் பேச்சுதான். காட்டன் பனியன்லயே வளர்ந்த ஊர் இது. "மெஷின் அதேதானே, தைக்கத் தெரிஞ்சவங்க எதையும் தைப்பாங்க"ன்னு பல முதலாளிகள் நினைக்கிறாங்க. அப்படி இல்லை.

ஓவர்லாக்கில் காட்டனை ஓட்டும் அதே வேகத்தில் பாலியஸ்டரை ஓட்டினால் ஊசி சூடேறி இழை உருகும். துணி வழுக்கும், தையல் சுருங்கி நிற்கும். ஊசியை மெலிசா மாத்தணும், நூல் டென்ஷனைக் குறைக்கணும், துணியை இழுக்காம விடணும். பதினஞ்சு வருஷம் இழுத்துப் பிடிச்சுத் தைச்ச கை, சொன்னவுடனே கேட்குமா?

பழகுற வாரங்களில் பீஸ் குறையும். பீஸ் ரேட்காரங்களுக்குச் சனிக்கிழமை சம்பளமும் குறையும். பயிற்சின்னாலே டெய்லருங்க நழுவுறது அதனாலதான். அதைச் சோம்பேறித்தனம்னு சொல்றது அநியாயம்.

ஒன்றிய அரசின் சமர்த் திட்டம் 2017-லேயே ஒப்புதல் பெற்றது. அதில் புதியவர்களுக்கு மட்டுமல்ல, வேலையில் இருப்பவர்களுக்கும் பயிற்சி உண்டு. ஆனா வகுப்பு நடத்துறது பாதி வேலைதான். பழகும் நாட்களுக்குப் பழைய சராசரிச் சம்பளத்தை ஷிப்ட் கூலியாவே கொடுக்கணும். செக்கிங்கிலும் கைமடியிலும் இருக்கிற பெண்கள் மெஷினுக்கு வரவும் இது வேணும். அடுத்த கூலி ஒப்பந்தப் பேச்சில் சங்கங்கள் இதை ஒரு ஷரத்தாவே வைக்கலாம்.